கோனி டாக் சாஸ்: கறியை வதக்க வேண்டாம், தண்ணீரில் கரையுங்கள்

பன்னுக்குள் சாசேஜ் வைத்து, மேலே கறி சாஸ் ஊற்றித் தருகிற அமெரிக்க ஹாட் டாக்தான் கோனி டாக். அதைப் பற்றி வந்த கேள்வி இதுதான்: "டெட்ராய்ட் போயிருந்தபோது சாப்பிட்ட கோனி டாக்கை வீட்டில் செய்து பார்த்தேன். சாசேஜ், பன் எல்லாம் சரியாக வந்தது. மேலே ஊற்றுகிற கறி சாஸ் மட்டும் கொத்துக்கறி வறுவலாகிவிடுகிறது. கடையில் இருப்பதுபோல் மழமழவென்று வரவில்லை. எந்த மசாலாவை விட்டுவிட்டேன்?"

மசாலா எதையும் விட்டிருக்க மாட்டீர்கள். சட்டியில் எண்ணெய் காயவைத்து, வெங்காயம் பூண்டு போட்டு, அது சிவந்ததும் கொத்துக்கறியைக் கொட்டிப் பச்சை வாடை போக வதக்கியிருப்பீர்கள். நம் கை பழகியது அப்படி. இந்தச் சாஸுக்கு அது ஆகாது. இதில் கறியை வதக்கவே கூடாது. பச்சைக் கறியைப் பச்சைத் தண்ணீரில் போட்டு, கையால் கரைத்து, அப்புறம்தான் அடுப்பைப் பற்றவைக்க வேண்டும்.

காரணம் எளிது. சூடான எண்ணெயில் விழுந்த உடனே கறியிலுள்ள புரதம் இறுகி, பக்கத்தில் இருப்பதோடு ஒட்டிக்கொண்டு கட்டியாகிவிடும். கரண்டியால் எவ்வளவு கொத்தினாலும் அது பட்டாணி அளவுக்குக் கீழே போகாது. வறுபட்டுச் சிவந்துவிட்டால் வெளிப்பக்கம் இன்னும் கெட்டிப்படும். அப்புறம் ஒரு மணி நேரம் கொதிக்கவைத்தாலும் அது தனி, குழம்பு தனி என்றுதான் நிற்கும். பச்சைத் தண்ணீரில் கரைத்தால் கறித் துகள்கள் ஒன்றை விட்டு ஒன்று விலகி நிற்கின்றன. சூடு மெதுவாக ஏறும்போது ஒவ்வொன்றும் தனித்தனியாக, ரவை அளவில் வேகிறது. கொதிப்பதற்கு வெகு முன்பே, சுமார் 50 டிகிரி செல்சியஸ் தாண்டும்போதே புரதம் இறுகத் தொடங்கிவிடும். அதனால் கரைக்கிற வேலையெல்லாம் அடுப்பில் வைப்பதற்கு முன்பே முடிந்திருக்க வேண்டும்.

வதக்கினால் வரும் அந்த வறுத்த மணம் இதில் கிடைக்காது, உண்மைதான். ஆனால் அந்த மணம் சாசேஜிலிருந்து வந்துவிடும், அதைத்தான் கல்லில் போட்டு வாட்டப்போகிறோமே. சாஸின் வேலை வேறு: பன்னுக்கும் சாசேஜுக்கும் நடுவில் இறங்கி, கடிக்கும்போது உதிர்ந்து விழாமல் ஒட்டிக்கொண்டு இருப்பது.

செய்முறைக்கு முன் இந்தப் பண்டத்தின் பூர்வீகம் கொஞ்சம். அது தெரிந்தால் மசாலாவில் கை எங்கே நிற்க வேண்டும் என்பது தானாகப் புரியும். பெயரில் இருக்கிற கோனி ஐலண்ட், நியூயார்க்கின் ப்ரூக்ளின் பக்கத்துக் கடற்கரை. ஜெர்மனியிலிருந்து வந்த சார்லஸ் ஃபெல்ட்மேன் 1867-ல் அங்கே தள்ளுவண்டியில் சாசேஜை ரொட்டிக்குள் வைத்து விற்கத் தொடங்கினார். அவரிடம் வேலை பார்த்த நேதன் ஹேண்ட்வெர்க்கர் 1916-ல் தனிக்கடை போட்டு, அதையே பாதி விலைக்கு, 5 சென்ட்டுக்கு விற்றார். ஆனால் அந்தக் கடற்கரையில் யாரும் கறி சாஸ் ஊற்றவில்லை. நியூயார்க் வழியாக அமெரிக்காவுக்குள் வந்த கிரேக்கர்களும் மாசிடோனியர்களும் அந்தப் பெயரை மட்டும் எடுத்துக்கொண்டு மிச்சிகன், இந்தியானா, ஒஹாயோ பக்கம் போனார்கள். சாஸ் அவர்கள் ஊர்ச் சமையலிலிருந்து வந்தது. கிரேக்கர்கள் மக்கரோனிக்கு மேல் ஊற்றும் கீமா சாஸ் ஒன்று உண்டு. தக்காளி, வெங்காயம், லேசாகப் பட்டை. அதுதான் இதற்குத் தாய் வீடு.

யார் முதலில் செய்தார்கள் என்பது தீராத வழக்கு. மிச்சிகனின் ஜாக்சன் நகரில் ஜார்ஜ் டோடொராஃப் 1914-ல் கடை போட்டார். இந்தியானாவின் ஃபோர்ட் வேய்ன் நகரக் கடையும் அதே 1914 என்கிறது. டெட்ராய்ட்டில் கஸ்ட் கெரோஸ் 1917-ல் தொடங்கியதுதான் அமெரிக்கன் கோனி ஐலண்ட். அதன் பக்கத்துச் சுவரில் ஒட்டிக்கொண்டு இருக்கும் லஃபாயெட் கோனி ஐலண்ட் அவருடைய சகோதரர் பில் கெரோஸ் வைத்தது. இன்றைக்கும் இரண்டும் அடுத்தடுத்த கதவுகள்தான். எந்தக் கடை உசத்தி என்று டெட்ராய்ட்காரர்களிடம் கேட்டால் பேச்சு லேசில் முடியாது. என் ஓட்டு லஃபாயெட்டுக்கு. சாஸுக்காக மட்டும் இல்லை, ஒரே கையில் தட்டுகளை வரிசையாக அடுக்கிக்கொண்டு வரும் பரிமாறுபவர்களுக்காகவும்.

காலமும் கவனிக்க வேண்டியது. ஃபோர்டு நிறுவனம் நாளுக்கு 5 டாலர் கூலி என்று அறிவித்தது 1914 ஜனவரியில். கார் ஆலைகளுக்கு ஆள் குவிந்தார்கள். ஷிஃப்ட் முடிந்து வருகிறவனுக்கு நின்றபடியே வயிறு நிறைய வேண்டும், விலை சில்லறையில் இருக்க வேண்டும், நடுராத்திரியிலும் கிடைக்க வேண்டும். கொஞ்சம் கறியில் நிறைய பேருக்குச் சாஸ் செய்யும் வித்தை அங்கே ஓடியதில் ஆச்சரியமில்லை. தண்ணீரில் கரைத்து, தூள் போட்டு இறுக்கும் முறையும் அந்தச் சிக்கனத்தோடு பொருந்திப்போகிறது.

சரி, அளவுக்கு வருவோம். பன்னிரண்டு டாக் வரை வரும். மாட்டுக் கொத்துக்கறி அரை கிலோ, அதில் ஐந்தில் ஒரு பங்கு கொழுப்பு இருப்பது. சுத்தமான கொழுப்பில்லாக் கறி வாங்கிவிடாதீர்கள், சாஸ் சக்கையாக இருக்கும். தண்ணீர் மூன்று கப், அதாவது முக்கால் லிட்டருக்குச் சற்றுக் குறைவு. நடுத்தர வெங்காயம் ஒன்று, பூண்டு இரண்டு பல், இரண்டையும் நறுக்க வேண்டாம், துருவிக்கொள்ளுங்கள். டொமேட்டோ பேஸ்ட் இரண்டு மேசைக்கரண்டி. கடுகுத்தூள் அரைத் தேக்கரண்டி, மிளகுத்தூள் அரைத் தேக்கரண்டி, உப்பு ஒரு தேக்கரண்டி. கடைசியில் சேர்க்க வினிகர் ஒரு தேக்கரண்டி.

மிளகாய்த்தூளில்தான் நம் ஆட்கள் அடிபடுகிறார்கள். அமெரிக்கச் சமையல் குறிப்பில் 'சில்லி பவுடர் மூன்று மேசைக்கரண்டி' என்று இருக்கும். அது நம் மிளகாய்த்தூள் இல்லை. காரம் குறைந்த மிளகாயோடு சீரகம், பூண்டுத்தூள், ஒரிகானோ எல்லாம் சேர்த்த கலவை அது. அந்த அளவுக்கு நம் வீட்டுக் குண்டூர் மிளகாய்த்தூளைப் போட்டால் வாயில் வைக்க முடியாது. பாப்ரிக்கா ஒரு மேசைக்கரண்டி, காஷ்மீரி மிளகாய்த்தூள் ஒரு தேக்கரண்டி, சீரகத்தூள் ஒன்றரைத் தேக்கரண்டி, காய்ந்த ஒரிகானோ அரைத் தேக்கரண்டி போதும். பட்டைத்தூள் ஒரு சிட்டிகை போடலாம், போடாமலும் விடலாம். கரம் மசாலா, மல்லித்தூள், இஞ்சி, கறிவேப்பிலை எதுவும் கூடாது. சேர்த்தால் நன்றாகத்தான் இருக்கும், ஆனால் அது வேறு பண்டம்.

இனி கை வேலை. அகலமான, அடி கனமான பாத்திரத்தில் தண்ணீரை ஊற்றிக் கறியைப் போடுங்கள். கையை உள்ளே விட்டு, விரல்களுக்கு நடுவே பிசைந்து பிசைந்து கரையுங்கள். தண்ணீர் இளஞ்சிவப்பாகக் கலங்கி, கையில் கட்டி எதுவும் தட்டுப்படாமல் இருக்க வேண்டும். பார்க்க அழகாக இருக்காது. பரவாயில்லை. பிறகு வெங்காயம், பூண்டு, பேஸ்ட், தூள்கள் எல்லாவற்றையும் சேர்த்து மிதமான தீயில் வையுங்கள். முதல் பத்துப் பதினைந்து நிமிடம் பக்கத்திலேயே நின்று பருப்பு மத்தால் விடாமல் கிளற வேண்டும். கட்டி சேருவதாக இருந்தால் இந்த நேரத்தில்தான் சேரும். கொதி வந்ததும் சாம்பல் நிறத்தில் நுரை திரளும், அதை ஒருமுறை எடுத்துவிட்டால் போதும்.

அப்புறம் தீயைச் சிம்மில் வைத்து, மூடாமல், ஒன்றரை மணி நேரம். மேலே அங்கங்கே ஒரு குமிழி வந்து உடைய வேண்டும், அவ்வளவுதான் கொதி. இந்த நேரம் வீண் இல்லை. கறியில் இருக்கும் சவ்வெல்லாம் மெல்லக் கரைந்து சாஸுக்குப் பிசுபிசுப்பைக் கொடுக்கும். ஆறினால் விரலில் ஒட்டுகிறதே, அது இதனால்தான். அவசரத்துக்குக் குக்கரில் வைக்கலாமா என்று கேட்பீர்கள். கறி வெந்துவிடும், ஆனால் தண்ணீர் வற்றாது, கொத்துக்கறி அடியில் படிந்து பிடிக்கவும் செய்யும். திறந்த பிறகு எப்படியும் நின்று சுண்டவைக்கத்தான் வேண்டும். அதற்கு முதலிலேயே சட்டியில் வைத்துவிடலாம்.

கடைசிப் பத்து நிமிடத்தில் இறுக்குகிற வேலை. உப்பு பிஸ்கட்டைப் பொடித்து மூன்று மேசைக்கரண்டி தூவிக் கலக்குங்கள். அமெரிக்க வீடுகளில் சோடா கிராக்கர் போடுவார்கள். கிரீம் கிராக்கர் இருந்தால் அதுவே போதும், இல்லையென்றால் ரொட்டித்தூள். சோள மாவைக் கரைத்து ஊற்றாதீர்கள், பளபளவென்று வேறு மாதிரி ஆகிவிடும். பதம் பார்க்க ஒரு கரண்டி சாஸைத் தட்டில் வைத்து ஒரு நிமிடம் விடுங்கள். சுற்றிலும் தண்ணீர் வளையம் பிரிந்தால் இன்னும் வற்ற வேண்டும். குவித்தபடி அசையாமல் நின்றால் அதிகமாக இறுகிவிட்டது, கொஞ்சம் வெந்நீர் விடுங்கள். மெதுவாகப் பரவி, ஓரம் பிரியாமல் நின்றால் இறக்கலாம். உப்பைச் சரிபார்ப்பதும் வினிகர் சேர்ப்பதும் இப்போதுதான். முதலிலேயே உப்பைத் தூக்கலாகப் போட்டுவிட்டு ஒன்றரை மணி நேரம் வற்றவைத்தால் என்ன ஆகும் என்று சொல்லத் தேவையில்லை.

எல்லாம் செய்தும் கட்டி தட்டிவிட்டால் கைப்பிடி மிக்ஸியை உள்ளே விட்டு இரண்டு முறை ஒரு நொடி ஒரு நொடியாக ஓட்டுங்கள். மூன்றாவது முறை வேண்டாம், சட்னியாகிவிடும்.

மேலே மிதக்கும் கொழுப்பை என்ன செய்வது? சிவப்பாக ஒரு படலம் நிற்கும். முழுவதையும் வழித்து எறிகிறவர்கள் உண்டு. நான் பாதியை விட்டுவைக்கச் சொல்வேன். மிளகாயின் நிறமும் மணமும் அந்தக் கொழுப்பில்தான் இறங்கியிருக்கிறது. நேரம் இருந்தால் சாஸை ஒரு ராத்திரி ஃப்ரிட்ஜில் வையுங்கள். மறுநாள் கொழுப்பு மேலே தகடாக உறைந்திருக்கும், வேண்டிய அளவு விட்டுவிட்டு மீதியைக் கரண்டியால் பெயர்த்து எடுத்துவிடலாம். சீரகமும் மிளகாயும் தனித்தனியாகத் தெரிந்தது போய், மறுநாள் ருசியும் ஒன்றாகச் சேர்ந்திருக்கும்.

இதே மிச்சிகனில், டெட்ராய்ட்டிலிருந்து காரில் ஒரு மணி நேரத்துக்குச் சற்று மேல் போனால் ஃப்ளின்ட் வரும். அங்கே கோனி வேறு. மாட்டு இதயத்தைப் பொடியாக அரைத்துச் செய்யும், ஈரமே இல்லாத, பொலபொலவென்ற மசாலாக் கறி அது. சாசேஜ் அங்கேயே 1916-லிருந்து இருக்கும் கோகல் நிறுவனத்துடையது. உதிரியாக வருகிறது என்று நீங்கள் கவலைப்பட்டீர்களே, ஃப்ளின்ட்காரர் ஒருவர் பார்த்தால் சரியாகத்தானே இருக்கிறது என்பார். ஆனால் அவர்களுடைய உதிரியும் ரவை அளவுதான், பட்டாணி அளவு இல்லை.

தெற்கே சின்சினாட்டி போனால் பட்டை, கிராம்பு, ஆல்ஸ்பைஸ் தூக்கலாக இருக்கும். வீட்டுக் குறிப்புகளில் கோகோவும் சேரும். 1922-ல் கிராட்ஜிஃப் சகோதரர்கள் எம்ப்ரஸ் என்ற கடையில் தொடங்கிய வழி அது. ஸ்பகெட்டி மேலும் ஊற்றுவார்கள், சின்ன சாசேஜ் மேலும் ஊற்றுவார்கள், துருவிய செடார் சீஸைக் குன்றாகக் குவிப்பார்கள். அங்கேயும் கறியை வதக்குவதில்லை, தண்ணீரில்தான் வேகவைப்பார்கள். ரோட் ஐலண்டில் இதன் பங்காளி 'ஹாட் வீனர்': கடுகு, கறி சாஸ், வெங்காயம், கடைசியில் செலரி உப்பு. நியூயார்க் மாநிலத்தின் வடகோடியில் பிளாட்ஸ்பர்க் ஊரில் கறி சாஸ் ஊற்றிய ஹாட் டாக்குக்குப் பெயரே 'மிச்சிகன்'. மிச்சிகனில் போய் அந்தப் பெயரைச் சொல்லிக் கேட்டால் யாருக்கும் புரியாது!

சாசேஜுக்கு வருவோம். டெட்ராய்ட்டில் கடிக்கும்போது 'டக்'கென்று தோல் உடைந்த சத்தம் வந்திருக்குமே, அது ஆட்டுக்குடல் தோல். பாக்கெட்டில் 'நேச்சுரல் கேஸிங்' என்று போட்டிருப்பதை வாங்குங்கள். அங்கத்திய சாசேஜ்கள் பெரும்பாலும் மாடும் பன்றியும் கலந்தவை, வேண்டாதவர்கள் லேபிளைப் பார்த்துக்கொள்ள வேண்டும். டெட்ராய்ட்டை ஒட்டிய டியர்போர்ன் பக்கம் போனால் ஹலால் கோனிக் கடைகளே இருக்கின்றன. நம் ஊர் சூப்பர் மார்க்கெட்டில் கிடைப்பது பெரும்பாலும் தோலில்லாத சிக்கன் சாசேஜ், அந்தச் சத்தத்தை அதில் எதிர்பார்க்க முடியாது.

தோலுள்ளதோ இல்லாததோ, தோசைக்கல்லில் ஒரு சொட்டு எண்ணெய் தடவி, தீயை மிதத்துக்கும் கீழே வைத்து உருட்டி உருட்டி வாட்டுங்கள். எட்டுப் பத்து நிமிடம் ஆகும். தீயைக் கூட்டினால் தோல் வெடித்துச் சாறெல்லாம் கல்லில் போய்விடும். கத்தியால் கீறிவிடுவதும் கூடாது, அதே நஷ்டம்தான். சாசேஜ் ஏற்கெனவே வெந்துதான் வருகிறது என்று பாக்கெட்டிலிருந்து அப்படியே சாப்பிடுகிறவர்கள் இருக்கிறார்கள். கர்ப்பிணிகள், வயதானவர்கள் அப்படிச் செய்யக் கூடாது. லிஸ்டீரியா என்ற கிருமி ஃப்ரிட்ஜ் குளிரிலும் பெருகும். உள்ளே 74 டிகிரி செல்சியஸ் வரும்வரை, ஆவி பறக்கச் சூடாக்கித்தான் கொடுக்க வேண்டும்.

பன்னை டோஸ்ட் செய்யாதீர்கள். ஆவியில் காட்ட வேண்டும். இட்லிப் பானையில் தட்டு வைத்து, மேலே துணி போட்டு, பன்னை அரை நிமிடம் வைத்து எடுத்தால் போதும். ஒரு நிமிடம் தாண்டினால் நசநசத்துப்போகும். சாதாரண வெள்ளைப் பன்தான் இதற்குச் சரி. பட்டர் பன், இனிப்புப் பன் ஒத்துவராது.

அடுக்குகிற வரிசை: பன், சாசேஜ், அதன்மேல் மூன்று மேசைக்கரண்டி சாஸ், சாஸின் மேல் நீளவாக்கில் ஒரு கோடு மஞ்சள் கடுகு சாஸ், கடைசியில் பொடியாக நறுக்கிய, வதக்காத வெங்காயம் தாராளமாக. வெள்ளை வெங்காயம் கிடைத்தால் நல்லது. நம் ஊர்ச் சிவப்பு வெங்காயம் என்றால் குளிர்ந்த தண்ணீரில் பத்து நிமிடம் போட்டு வடித்துவிடுங்கள், காரம் அடங்கும். கெச்சப் வேண்டாம். கடையில் கேட்டால் கொடுக்காமல் இருக்க மாட்டார்கள், ஆனால் ஒரு பார்வை பார்ப்பார்கள்.

மாட்டுக்கறி வேண்டாம் என்பவர்களுக்கு: சிக்கன் என்றால் தொடைக்கறியைக் கொத்தி வாங்குங்கள், நெஞ்சுக்கறி சக்கையாகும். நாற்பது நிமிடம் வெந்தால் போதும், பிசுபிசுப்பு குறைவாக இருக்கும் என்பதால் பிஸ்கட் தூள் இன்னொரு கரண்டியும், வெண்ணெய் இரண்டு மேசைக்கரண்டியும் கூடுதல். மட்டன் என்றால் அதன் வாடை கொழுப்பில்தான் இருக்கிறது. கொழுப்பை நீக்கிவிட்டுக் கொத்தச் சொல்லி, அதற்குப் பதில் வெண்ணெய் சேருங்கள். நேரம் மாட்டுக்கறிக்கு உள்ள அதே ஒன்றரை மணி. சோயா கிரான்யூல்ஸில் செய்கிறவர்களும் உண்டு. ஊறவைத்துப் பிழிந்து, மிக்ஸியில் ஒரு சுற்று சுற்றிப் போட்டால் துகள் அளவு சரியாக வரும், ருசி பாதி தூரம் வரும்.

மீந்த சாஸ் ஃப்ரிட்ஜில் மூன்று நான்கு நாள் இருக்கும், ஃப்ரீசரில் இரண்டு மூன்று மாதம். நான்கு டாக்குக்கு ஆகிற அளவாகச் சின்ன டப்பாக்களில் பிரித்து வையுங்கள். மறுபடி சூடு செய்யும்போது பிஸ்கட் தூள் ஊறி இறுகியிருக்கும், கால் கப் தண்ணீர் விட்டு மத்தால் கலக்கிக்கொண்டே சூடாக்கினால் பழைய பதத்துக்கு வந்துவிடும். ஒரு டப்பா மட்டும் மிஞ்சினால் பிரெஞ்ச் ஃப்ரைஸ் மேல் ஊற்றிச் சீஸ் துருவிவிடுங்கள். கோனிக் கடைகளில் அதுவும் மெனுவில் இருக்கிற ஐட்டம்தான்.